கம்பம் பள்ளத்தாக்கின் வருகைக் கதைகள்

தேவாரம் என்னும் பெயரைக் கேட்டார்க்கு முதற்கண் மூவர் அருளிய பதிகங்களே நினைவுக்கு வரும். ஈண்டுக் குறிக்கப்படுவது ஓர் ஊர். தேனி மாவட்டத்து உத்தமபாளையம் வட்டத்தில், மேற்குமலைத் தொடரின் அடிவாரத்தில், போடிநாயக்கனூர்க்கும் கோம்பைக்கும் இடையே அது அமைந்துளது. ஊரின் மேற்கே மலை சுவரென எழுந்து நிற்கும். அதன் உச்சியில் ஏலத்தோட்டங்களும் கேரள நாட்டு எல்லையும் தொடங்குகின்றன. அவ்வெல்லைக்கோட்டில் அமைந்த ஏற்றங்களை மக்கள் ‘மெட்டு’ என்பர். போடிமெட்டு, தேவாரம்மெட்டு, இராமக்கல்மெட்டு, கம்பம்மெட்டு என நிரலே வரும் இப்பெயர்களில் ஒன்றொழிந்த ஏனைய மூன்றும் அடிவாரத்து ஊர்ப்பெயர்களைத் தாங்கியவை. கீழுள்ள ஊரார் மேலேறிச் சென்ற வழிகளே மலைமேல் இடப்பெயர்களாயின என்பது இதனால் விளங்கும். இன்றும் விடியுமுன் ஜீப்புகளில் ஏலத்தோட்ட வேலைக்கு மலையேறி, மாலையில் இறங்குவோர் இவ்வூர்களில் மிகப் பலர்.

கிழக்கே வருசநாட்டு மேகமலைத் தொடரும் மேற்கே ஏலமலைத் தொடரும் எல்லையாக, நடுவே முல்லையாறும் சுருளியாறும் பாயும் இந்நிலப்பகுதியே கம்பம் பள்ளத்தாக்கு. மதுரை மாவட்டத்தின் பகுதியாயிருந்த இது, 1996ஆம் ஆண்டில் தேனி மாவட்டம் உருவாக்கப்பட்டபோது அதனுள் அடங்கிற்று. தமிழ், தெலுங்கு, கன்னடம் ஆகிய மூன்றும் இங்கே வீட்டு மொழிகளாக வழங்குகின்றன. மலைமேல் முதுவர், மன்னான், பளியர் முதலியோர் தத்தமக்கே உரிய பேச்சு வழக்குகளுடன் வாழ்கின்றனர். இவருள் ஒவ்வொரு குடியாரிடமும் ‘நாங்கள் இங்கு வந்த கதை’ ஒன்று உண்டு. இத்தகைய கதைகளை வருகைக் கதைகள் எனப் பெயரிட்டு, வரலாற்றுக்கு அவை எவ்வாறு பயன்படும் என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

இக்கதைகளுள் பல ஆங்கில ஆட்சிக்காலத்து நூல்களில் பதிவாகியுள்ளன. நெல்சன் மதுரை நாட்டைப் பற்றி 1868இல் வெளியிட்ட நூலும், பிரான்சிஸ் 1906இல் தொகுத்த மதுரை மாவட்டக் கையேடும், தர்ஸ்டன் 1909இல் வெளியிட்ட தென்னிந்தியக் குலங்களும் குடிகளும் என்னும் ஏழு தொகுதிகளும் இன்றளவும் நமக்கு முதன்மைக் கருவிகளாக நிற்கின்றன. அவர்தம் உழைப்பைக் குறைத்துக் கூறுதல் நன்றியன்று. ஆயினும் அவர்கள் கையாண்ட முறையால் ஒரு கேடும் விளைந்தது. குலப்பெயர்களை அகரநிரலில் அடுக்கி, ஒவ்வொன்றன் கீழும் ‘இவர்தம் மரபுரை இது’ என்று ஒரு பத்தி எழுதிச் சென்றமையால், ஒரே பள்ளத்தாக்கில் வேலி அடுத்து வேலியாக வாழ்வோர் சொல்லிய கதைகள் தனித்தனிப் பேழைகளில் பூட்டப்பட்டுவிட்டன. ஒரு குடியாரின் வருகையைப் பற்றி அடுத்த குடியார் யாது கூறுகின்றனர் என்னும் கேள்வி எழவேயில்லை. பின்வந்த ஆய்வாளரும் பெரும்பாலும் அப்பேழைகளைத் தனித்தனியே திறந்து பார்த்தனரேயன்றி ஒன்றன்பக்கத்தில் மற்றொன்றை வைத்துப் பார்த்தாரல்லர்.

அவ்வாறு வைத்துப் பார்க்குமிடத்து முதலில் எதிர்ப்படுவது புங்கமரம். தெலுங்கு பேசும் கம்பளத்தார் தம் முன்னோர் வடநாட்டில் முகம்மதிய மன்னர்தம் கொடுமைக்கு அஞ்சித் தெற்கே ஓடிவந்தனர் என்றும், பின்தொடர்ந்த படை நெருங்கியபோது கடக்கலாகாத ஆறு ஒன்று குறுக்கிட்டது என்றும், இருகரையிலும் நின்ற புங்கமரங்கள் வளைந்து பாலமாகி அவரை அக்கரை சேர்த்தன என்றும் கூறுவர். கன்னடம் பேசும் கப்பிலியரிடமும் இக்கதையே வழங்குகிறது. ஓட்டம், ஆறு, புங்கமரம் ஆகிய மூன்றும் இரண்டிலும் ஒத்துள்ளன. பெண் கேட்ட மன்னனுக்குப் பெண் கொடுக்க மனமின்றி இரவோடிரவாக ஊரை விட்டு நீங்கினர் என்னும் செய்தியும் இத்தகைய கதைகளில் அடிக்கடி இடம்பெறும்.

இரு வேறு மொழியினர் ஒரே செய்தியைக் கூறுவதால் அது மெய்யாதல் வேண்டும் என்று முடிவு கட்டுவது எளிது. வழக்குமன்றத்தில் இரு சாட்சிகள் ஒத்துரைத்தால் வழக்கு உறுதிப்படும். வாய்மொழி மரபிலோ அவ்வொற்றுமையே ஐயத்துக்கு இடமாகிறது. விசயநகரப் பேரரசின் வரவினை ஒட்டித் தென்பாண்டி நாட்டில் குடியேறிய பல வகுப்பாரிடையே ‘துரத்திய அரசன், வழிவிட்ட ஆறு’ என்னும் இக்கூறு பரவலாகக் காணப்படுகிறது. அது நாணயம் போலக் கைம்மாறிச் செல்லத்தக்கது. பாளையம் பெற்ற ஒரு குடியார்க்கு மதிப்பளித்த கதையை, அவருடன் வந்தோரும் அவர்க்கு அயலில் வாழ்ந்தோரும் தமதாக்கிக்கொண்டனர் எனக் கொள்ளத் தடையில்லை. புங்கமரம் துங்கபத்திரைக் கரையில் நின்றதா என ஆராய்ந்து ஏடுகளை நிரப்புவதில் பயனில்லை. எக்காலத்து எவ்வாற்றைக் கடந்தனர் என்பதற்கு அக்கதை சான்றாகாது. கடந்து வந்தவர் யாம் என்று தம்மை உணர்ந்தனர் என்பதற்கே அது சான்று. வரலாற்று மாணவர்க்கு இது சிறு பேறன்று. ஆனால் இதற்கு மேல் அதனிடம் கேட்டல் தகாது.

கதை இடம்பெயர வல்லது. அத்துணை எளிதாக இடம்பெயராதது சடங்கு. கப்பிலியர் புல்வெளி தேடி வந்தபோது உடன் ஓட்டிவந்த மாட்டு மந்தையின் வழித்தோன்றல்கள் கம்பத்தில் உள்ளன என்பது அவர்தம் மரபுரையின் மற்றொரு கூறு. அம்மந்தை கன்னடத்தில் ‘தேவரு ஆவு’ எனவும் தமிழில் ‘தம்பிரான் மாடு’ எனவும் பெயர் பெறும். தர்ஸ்டன் காலத்தில் அதில் ஏறத்தாழ 150 உருப்படிகள் இருந்தன. அப்பசுக்களைக் கறத்தலில்லை, கன்றுகளை உழவுக்கோ வண்டிக்கோ பூட்டுதலில்லை, இறந்தவற்றை ஆழக் குழிதோண்டிப் புதைப்பர். தைப்பொங்கல் நாளில் மந்தையின்முன் கரும்புக்கட்டுகளை இட்டுக் கூட்டத்தார் மூச்சடக்கிப் பார்த்து நிற்பர். முதலில் கரும்பில் வாய்வைக்கும் காளையே ‘பட்டத்துக் காளை’ எனத் தேர்ந்தெடுக்கப்பட்டு, மஞ்சளும் குங்குமமும் சாத்தப்பெறும். தம்பிரான் மாட்டுத் தொழுவம் இன்றும் கம்பத்தில் மாட்டுப்பொங்கலன்று பெருங்கூட்டத்தை ஈர்க்கிறது.

ஓர் அரசன் உரிமையால் அமையாமல் மந்தையின் விருப்பால் அமையும் இத்தேர்வு நம் கவனத்துக்குரியது. பாளையக்காரர்தம் பட்டம் மதுரை நாயக்க மன்னரால் வந்தது. காளையின் பட்டம் கரும்பால் வந்தது. அயலார் எவரும் இச்சடங்கினைக் கடன்வாங்கியதாகத் தெரியவில்லை. வாங்கவேண்டுமாயின் மந்தையையும் மேய்ச்சல் நிலத்தையும் அல்லவா உடன் வாங்கவேண்டும்! மேய்ச்சல் நிலம் தேடி வந்த குடியார் இவர் என்னும் செய்திக்குப் புங்கமரத்தினும் இம்மந்தை வலிய சான்றாவது இதனாற்றான்.

ஆநிரை இப்பள்ளத்தாக்கில் புதிதாக வந்ததுமன்று. ஆண்டிபட்டி வட்டத்துப் புலிமான்கோம்பையில் 2006ஆம் ஆண்டு தமிழ்ப் பல்கலைக்கழக ஆய்வாளர் மூன்று நடுகற்களைக் கண்டறிந்தனர். கிறித்துவுக்கு முற்பட்ட காலத்தனவாகக் கருதப்படும் தமிழ்ப்பிராமி எழுத்துடைய அவற்றுள் ஒன்று, கூடலூர் ஆகோளில் இறந்த வீரன் ஒருவனுக்கு எடுக்கப்பட்டது. தொல்காப்பியம் வெட்சித்திணையில் கூறும் ‘ஆகோள்’ என்னும் அச்சொல்லே கல்லில் நிற்கிறது. அக்கூடலூர், பள்ளத்தாக்கின் தென்முனையிலுள்ள இன்றைய கூடலூரே என்பாரும் உளர். கூடல் என்னும் பெயர் தமிழகத்தில் பல ஊர்க்கு உண்மையின் அதனை வற்புறுத்த வேண்டுவதில்லை. ஆநிரைக்காக உயிர் கொடுத்தவனைக் கல்லாக்கி வணங்கிய நிலத்தில், பல நூற்றாண்டுகட்குப் பின்னர் வேற்றுமொழியினர் வந்து ஆநிரையையே தெய்வமாக்கி வணங்கினர் என்ற அளவே இங்குப் போதும்.

இம்மந்தைகளும் அவற்றையொத்த மலைமாடுகளும் மேய்ந்த காடுகளின் நிலை இப்போது மாறியுள்ளது. திருவில்லிபுத்தூர் மேகமலைப் புலிகள் காப்பகம் 2021இல் அறிவிக்கப்பட்டது. 2022 மார்ச்சில் சென்னை உயர்நீதிமன்றம் காடுகளில் கால்நடை மேய்ச்சலைத் தடைசெய்து, பின்னர் அத்தடையைத் தேசியப் பூங்காக்கள், சரணாலயங்கள், புலிகள் காப்பகங்கள் என்னும் அளவில் வரையறுத்தது. காட்டைக் காக்கவேண்டும் என்பதில் கருத்து வேற்றுமை இல்லை. ஆயினும் பட்டி போட்டுக் காட்டில் தங்கிய கீதாரிகள் இரவில் நெருப்பைச் சுற்றி அமர்ந்து சொல்லிய கதைகளுக்கு அப்பட்டியே அவைக்களமாயிருந்தது. நாட்டுக்கதை தொகுப்பார் கதையை மட்டும் எழுதிக்கொண்டு, அது சொல்லப்பட்ட இடத்தை எழுதாமல் வந்துவிடுகின்றனர். இடம் அழிந்தபின் எழுதப்பட்ட கதை எதற்கு விடையாகச் சொல்லப்பட்டது என்பது புலனாகாது.

இனி, ஒத்துச்செல்லும் கதைகளை விடுத்து மாறுபடும் கதைகளைக் காண்போம். போடிநாயக்கனூர்ப் பாளையக்காரர் மரபு, தம் முன்னோர் ஆந்திர நாட்டுக் குத்திப் பகுதியிலிருந்து வந்து இம்மலையடியில் நிலைபெற்றனர் என்று பெருமிதத்துடன் கூறும். அது வருகைக் கதை. வந்தோர் இறைமை பெற்றதோடு முற்றுப்பெறுவது. போடிக்கு மேலே மலையில் வாழும் முதுவர் சொல்லும் கதையோ வேறு. மதுரையில் வேளாளராய் வாழ்ந்தவர் தாம் என்றும், பாண்டியர் ஆட்சி சாய்ந்தபோது மேற்கே வந்து போடிப் பகுதியில் தங்கினர் என்றும், தெலுங்கு நாயக்கர் அந்நிலத்தைக் கைக்கொண்டபோது பிள்ளைகளை முதுகில் கட்டிக்கொண்டு மலையேறினர் என்றும் அவர்தம் முன்னோர் உரைத்ததைத் தர்ஸ்டன் தொகுதி குறித்துள்ளது. ‘முதுகு’ என்னும் சொல்லிலிருந்து முதுவர் என்னும் பெயர் வந்தது என்பது அவர்தம் விளக்கம். சொற்பிறப்பு முறையில் இதனை ஏற்றல் அரிது. முதுமைப் பொருளுடைய ‘முது’ என்னும் அடியே இயல்பாகத் தோன்றுகிறது. எனினும், ஒரு குடியார் தம் பெயர்க்கே சுமை என்று பொருள் கண்டனர் என்பது சொற்பிறப்பினும் பெரிய செய்தி.

ஒரே நிகழ்ச்சி அடிவாரத்திலிருந்து பார்க்குமிடத்து வருகையாகவும், மலைமேலிருந்து பார்க்குமிடத்து வெளியேற்றமாகவும் தோன்றுகிறது. இவ்விரு கதையாரும் தம்முள் கூடிப் பேசி ஒத்துக்கொண்டவர் அல்லர். ஒருவர் கதையை மற்றவர் கடன்வாங்கவும் காரணமில்லை. தோற்றவர் கதையை வென்றவர் விரும்பார். ஆதலின், நாயக்கர் வருகையால் இப்பகுதியில் முன்னிருந்த குடியாருள் சிலரேனும் மலைக்கு ஒதுங்கினர் என்பது இரு கதைகளின் முரணிலிருந்தே வலுப்பெறுகிறது. புங்கமரத்தைப் பற்றிய ஒற்றுமை நமக்குத் தாராத வரலாற்றை இவ்வேற்றுமை தருகிறது. கதைப்பாடல் ஆய்வில் நா. வானமாமலை இவ்வழியைத் திறமுறக் காட்டியுள்ளார். முத்துப்பட்டன் கதையில் அந்தணன் மணந்த சக்கிலியப் பெண்களைப் பிற்காலப் பாடம் அந்தணப் பெண்களாகப் பிறந்து கண்டெடுத்து வளர்க்கப்பட்டோர் என மாற்றிய இடத்தில்தான் சமூகத்தின் கை தெரிகிறது என்பதை அவர் எடுத்துக்காட்டினார்.

முதுவரிடம் இன்னொரு பாடமும் உண்டு. அதன்படி அவர்கள் முதுகில் சுமந்தது பிள்ளைகளையன்று, மதுரை மீனாட்சியின் திருவுருவை. பாண்டியன் மதுரையை நீங்கி மலைநாடு புக்கபோது அவனுடன் அன்னையைச் சுமந்து வந்தவர் தாம் என்பர். இப்பாடம் தனித்து நிற்கவில்லை. மலைக்கு அப்பால் பூஞ்சாற்றில் ஆண்ட குடியினரும் தம்மைப் பாண்டியர் வழியினர் என்றும், தம் முன்னோன் மானவிக்கிரமன் கூடலூர் வழியே மலைகடந்து மீனாட்சியுடன் வந்தான் என்றும் கூறினர். அரசன் கதையும் சுமந்தவன் கதையும் இங்கே ஒத்துள்ளன. முன்னர்க் கூறிய முறைப்படி இவ்வொற்றுமையை ஐயத்துடனேயே நோக்கவேண்டும். அரசகுடியின் கதையில் தமக்கும் ஓர் இடம் தேடிக்கொண்டமையாலும் இப்பாடம் அமைந்திருக்கலாம். பிள்ளை சுமந்த பாடமே பழையது என்பது எம் கருத்து. பிள்ளையைத் தெய்வமாக மாற்றிச் சொல்லுதற்குக் காரணம் உண்டு. தெய்வத்தைப் பிள்ளையாகக் குறைத்துச் சொல்லுதற்குக் காரணம் காண்டல் அரிது.

இவ்விரு கதைகளின் பிற்கால நிலையும் ஒன்றாக இல்லை. பூஞ்சாற்றார் 1877ஆம் ஆண்டில் கண்ணன்தேவன் மலைகளை மன்றோ என்னும் ஆங்கிலேயருக்குப் பத்திரம் எழுதிக் கொடுத்தனர். தேயிலை வேளாண்மைக்கு வழிவகுத்தது அப்பத்திரம். கண்ணன்தேவன் என்னும் பெயரோ முதுவர் தலைவன் ஒருவன் பெயர் என்பது மலைவழக்கு. தலைவன் பெயர் மலைக்கு நிலைத்தது. அவன் மக்கள் அம்மலையின் உரிமையாளராக எண்ணப்பட்டிலர். மலையிலிருந்து நோக்க, வருகைக் கதை என்பது பொழுதுபோக்கன்று, ஒருவகை நிலப்பட்டயம்; ஆயினும் பதிவு அலுவலகம் எல்லாப் பட்டயத்தையும் ஏற்பதில்லை.

இப்பள்ளத்தாக்கின் கதைகளுள் தமிழ் மாணவர் அனைவர்க்கும் நெருங்கியது கண்ணகி கதை. மதுரையை எரித்தபின் வையைக் கரைவழியே மேற்கு நோக்கி நடந்து, நெடுவேள் குன்றம் ஏறி, வேங்கை நிழலில் நின்று, பதினான்காம் நாள் கணவனுடன் விண்புக்காள் என்பது சிலம்பு. கூடலூர்க்கு மேலே மலைமுடியில் நிற்கும் மங்கலதேவி கோட்டமே அவ்விடம் எனப் புலவர் சி. கோவிந்தராசனார் கண்ணகி சென்ற வழியே நடந்து ஆராய்ந்து 1963இல் வெளிப்படுத்தினார். காப்பியத்தின் இறுதிக்காதை குறிக்கும் மங்கலமடந்தை கோட்டம் என்னும் பெயரும் அவர்க்குத் துணைநின்றது. இடத்தைப் பற்றிய வாதங்களை ஈண்டு விரிக்க வேண்டா. நாம் காணவேண்டுவது காப்பியத்தில் கதை சொல்வோர் யாவர் என்பதை.

குன்றக் குறவர் கண்டது கதையின் இறுதியை மட்டுமே. ஒரு முலை இழந்த நங்கை ஒருத்தி வேங்கை நிழலில் நின்றதையும், தேவர் வந்து அவளை அழைத்துச் சென்றதையும் அவர்கள் கண்டனர். அவளைத் தெய்வமெனக் கொண்டு குரவையாடினர். பதிகத்தில் இளங்கோவடிகளிடமும், காட்சிக்காதையில் பேரியாற்றங்கரையில் தங்கியிருந்த செங்குட்டுவனிடமும் அவர்கள் சொல்வது இதையே. அவள் யார், ஏன் வந்தாள் என்பதைக் கூறியவர் உடனிருந்த சாத்தனார். மதுரை நிகழ்ச்சியை அறிந்த புலவர் தொடக்கத்தை உரைக்க, மலைவாணர் முடிவை உரைக்க, இரண்டும் இணைந்த இடத்தில் காப்பியம் பிறந்தது. வஞ்சிக்காண்டம் முழுமையும் இவ்வாறு ஒரு வாய்மொழிச் செய்தியின்மேல் எழுந்த மாளிகை. இதனை இளங்கோவடிகள் மறைக்கவில்லை. இரண்டு முறை சொல்கிறார். நம் உரையாசிரியர்கள் குறவர் கூற்றை விரைந்து கடந்து சாத்தனாரிடம் சென்றமையால் அதன் அருமை நமக்குத் தெரியாது போயிற்று.

இடுக்கி மாவட்டத்து மன்னான் குடியினர் கோழிமலையில் தமக்கென ஓர் அரசரை உடையவர். பாண்டி நாட்டிலிருந்து வந்தவராகத் தம்மைக் கூறுவோர். தமிழோடு நெருங்கிய பேச்சினர். ‘காலாவூட்டு’ என்னும் விழாவில் அவர்கள் ஆடும் மன்னான் கூத்து கோவலன் கண்ணகி கதையைப் பாடுகிறது. சிலம்பில் கதையின் இறுதியை மட்டும் அறிந்திருந்த மலை, இன்று தொடக்கத்தையும் பாடுகிறது. ஆதலின் ஏதோ ஒரு காலத்தில் கீழ்நாட்டிலிருந்து கதை மலையேறியிருத்தல் வேண்டும். ‘இரண்டாயிரம் ஆண்டாக மலைவாணர் மறவாது காத்த சிலம்பு’ என்று உணர்ச்சியுடன் எழுதுவோர் இதனை எண்ணிப் பார்ப்பதில்லை. புகழேந்தியார் பெயரால் வழங்கும் கோவலன் கதை என்னும் அம்மானை நூல் தமிழகமெங்கும் பரவியிருந்தது. அதில் கண்ணகி காளியின் கூறாகப் பாண்டியனுக்கே மகளாய்ப் பிறந்து, பேழையில் வைத்து ஆற்றில் விடப்பட்டு, வணிகர் இல்லத்தில் வளர்கிறாள். தந்தையென அறியாது தந்தையின் நகரை எரித்த மகளின் கதை அது. இப்பேழைக் கூறு ஒரு பாடத்தில் காணப்படின் அப்பாடம் அம்மானை வழியது. காணப்படாவிடின் வேறு வழியைத் தேடலாம். மலைக்கூத்தை ஆராய்வோர் முதற்கண் கேட்கவேண்டிய கேள்வி இது. ‘மாறாமல் வந்தது’ என்று புகழ்வதினும், எங்கு மாறிற்று என்று காண்பதே அக்கூத்தருக்கு நாம் செய்யும் மதிப்பு.

1956 நவம்பர் முதல் நாள் மொழிவழி மாநிலங்கள் அமைந்தபோது தேவிகுளம், பீர்மேடு வட்டங்கள் கேரளத்துடன் நின்றன. எல்லைக்கோடு மெட்டுகளின்மேல் சென்றது. அதன்பின் மன்னான் கூத்து கேரள நாட்டார் கலை நூல்களிலும், கம்பளத்தாரின் தேவராட்டமும் உறுமியும் தமிழக நூல்களிலும் இடம்பெற்றன. ஒரு மலையின் இருபக்கத்துக் கதைகளைச் சேர்த்து நோக்கும் வாய்ப்பு இதனாலும் குறைந்தது. மங்கலதேவி கோட்டத்துக்குச் சித்திரை முழுமதி நாளில் மட்டும் இரு மாவட்ட ஆட்சியினரும் இணைந்து வழிவிடுகின்றனர். ஊர்திகள் குமுளி வழியே ஏறுகின்றன. கூடலூர்ப் பக்கத்துப் பளியங்குடியிலிருந்து கால்நடையாக ஏறுவோரும் பலர்.

இறுதியாக, ஆவணங்கள் நிறைந்த காலத்திலேயே பிறந்து வளர்ந்த ஒரு கதையைக் காண்போம். நாம் கூறிய முறையைச் சோதித்தற்கு இதனினும் ஏற்ற உரைகல் இல்லை. மேற்கே பாய்ந்த பெரியாற்றை மறித்து, மலையைக் குடைந்து, கிழக்கே வையைப் பக்கம் நீரைத் திருப்பியது முல்லைப்பெரியாற்று அணை. திருவிதாங்கூர் அரசுடன் 999 ஆண்டுக் குத்தகை ஒப்பந்தம் 1886 அக்டோபர் 29ஆம் நாள் கையெழுத்தாயிற்று. 1887இல் வேலை தொடங்கி, 1895 அக்டோபரில் சென்னை ஆளுநர் வென்லாக் பிரபு அதனைத் திறந்துவைத்தார். பணியை முன்னின்று நடத்தியவர் பொறியாளர் கர்னல் ஜான் பென்னிகுவிக். கம்பம் பள்ளத்தாக்கில் இரண்டு போகம் நெல் விளைவது இந்நீரால்.

பள்ளத்தாக்கில் வழங்கும் கதை இது: கட்டிய அணையை வெள்ளம் அடித்துச் சென்றது. இனிப் பணம் தாரேன் என்று அரசு கைவிரித்தது. பென்னிகுவிக் தம் நாட்டுக்குச் சென்று சொத்துகளையும் மனைவியின் நகைகளையும் விற்று வந்து அணையைக் கட்டி முடித்தார். கூடலூர் முதல் தேனி வரை இதனை அறியாத உழவர் இலர். நன்றியுடன் பிள்ளைகட்கு அவர் பெயரை இட்டோரும் உளர். ஆனால் அப்பணியில் பங்குகொண்ட பொறியாளர் மெக்கன்சி 1899இல் எழுதிய பெரியாற்றுத் திட்ட வரலாறு வேறு காட்சியைக் காட்டுகிறது. வெள்ளங்கள் வந்தன, தடுப்புகள் அடித்துச் செல்லப்பட்டன, காய்ச்சலும் வாந்திபேதியும் வாட்டின என்பன மெய். அணை கட்டப்பட்டது சென்னை அரசின் பணத்தால். நகை விற்ற செய்திக்கு ஆவணச் சான்று இல்லை.

இதனைப் பொய் என்று தள்ளி அமைவது எளிய வழி. கதை ஏன் அவ்வாறு அமைந்தது என வினவுவதே ஆய்வுக்குரியது. தமிழகத்து ஏரிகளையும் கண்மாய்களையும் பற்றிய கதைகளில் பழைய கூறு ஒன்று உண்டு. கரை நில்லாது உடையும். ஒரு பெண்ணோ தலைமகனோ தன்னைப் பலியாகக் கொடுத்தபின்பே நிலைக்கும். அவர் பின்னர்க் கரைத்தெய்வமாவார். பெரியாற்று அணையின் கதையும் அவ்வச்சில் வார்க்கப்பட்டதே. உடைதல் உண்டு; பலி உண்டு; பலியானது நகையும் சொத்தும். பலி கொடுத்தவர்க்கு வழிபாடும் வந்தது. லோயர்கேம்ப்பில் 2013ஆம் ஆண்டு அவர்க்கு மணிமண்டபம் திறக்கப்பட்டது. வெளிநாட்டுப் பொறியாளர் ஒருவர், மொழி அறியாமலே, கரைகாத்த தெய்வங்களின் வரிசையில் வந்து அமர்ந்துவிட்டார். அரசு செலவிட்டது என்னும் மெய்ச்செய்தி யாருடைய நன்றிக்கும் இடம் தாராது. ஒருவர் தம்முடையதைக் கொடுத்தார் என்றால் அங்கே கடன் பிறக்கிறது. கடனைத் தீர்க்கப் பொங்கல் வைக்கலாம்.

ஆயினும் இக்கதை சொல்லாது விட்டதும் ஒன்று உண்டு. அணைப்பணியில் நோயால் இறந்தோர் 400க்கு மேற்பட்டவர். உயிர்ப்பலி உண்மையிலேயே நிகழ்ந்தது. அதனைக் கொடுத்தவர் மதுரைப் பக்கத்திலிருந்தும் பிற இடங்களிலிருந்தும் கூலிக்கு வந்த தொழிலாளர். அவர்க்கென்று ஒரு கதை இப்பள்ளத்தாக்கில் வளரவில்லை. பழைய அச்சு ஒருவர்க்கே இடமுடையது போலும்! முதுவர் கதையையும் போடி மரபையும் எதிரெதிரே வைத்தது போல, இக்கதைக்கு எதிரே வைக்கத்தக்க கூலியாளர் மரபுரையைத் தேடுவோர்க்கு மலையடியூர்களில் வேலை மிகுதியாக உண்டு. பாட்டன் மலைவேலைக்குப் போய்த் திரும்பவில்லை என்னும் ஒருவரிச் செய்தியும் அவ்வாய்வில் ஒரு கதையேயாம்.

பென்னிகுவிக் பிறந்தது 1841 சனவரி 15ஆம் நாள். அந்நாள் தைப்பொங்கலை ஒட்டியே வரும். கம்பத்தில் தம்பிரான் மாட்டுக்குக் கூட்டம் திரளும் அதே வாரத்தில் கூடலூர், சுருளிப்பட்டி, பாலார்பட்டி முதலிய ஊர்களில் அவர்க்கும் பொங்கல் வைக்கின்றனர். பட்டத்துக் காளையின் நாளும் அணை கட்டியவர் நாளும் அடுத்தடுத்து வந்தமைந்ததால், புதிய விழாவுக்கு வேறு நாள் குறிக்கும் தேவை எழவில்லை.